நாற்பத்து மூன்றாம் கட்டின் சீட்டு

எனக்குக் காலர் பின்னுகிற வேலை. டீ-சர்ட்டின் கழுத்தில் மடிந்து நிற்குமே, அந்தக் காலர். உடம்புத் துணியை வட்ட மெஷினில் வேறு ஆட்கள் ஓட்டுவார்கள். காலரைத் தட்டை மெஷினில் தனியாகப் பின்ன வேண்டும். என்னிடம் இரண்டு மெஷின். இரண்டையும் நானே ஓட்டுகிறேன். அதே கட்டடத்தின் பின்பக்கம் வீடு. சமையல் ரூமில் இருந்தாலும் மெஷின் நின்றால் தெரியும்.

ஐம்பது காலர் ஒரு கட்டு. கட்டுக்கு ஒரு சீட்டு வைத்துக் கட்ட வேண்டும். கட்டு எண், நிறம், சைஸ் மூன்றும் அதில் இருந்தால் போதும். அதற்கென்று யாரும் தாள் வாங்குவதில்லை. சிலர் தேதிக் காலண்டர் தாளில் எழுதுவார்கள். சிலர் நூல் டப்பா அட்டையைக் கிழிப்பார்கள். நான் மகளின் பழைய நோட்டைக் கிழிப்பேன்.

அவள் ஒன்றாவது படித்த காலத்திலிருந்து அதுதான் பழக்கம். முழுப்பரீட்சை முடிந்ததும் அவளே நோட்டுகளைக் கொண்டுவந்து மெஷின் ரூம் அலமாரியில் வைப்பாள். கிழித்து, வெற்று இடத்தில் எழுதி, கட்டில் செருகி அனுப்புவேன். அவளுடைய வாய்ப்பாடு, அவள் வரைந்த தவளை, தமிழய்யா சிவப்பு மையில் சுழித்தது எல்லாம் இந்த ஊர் பனியன் கம்பெனிகளுக்குப் போயிருக்கிறது. ஒரு தடவை ஒரு கம்பெனி சூப்பர்வைசர் போன் செய்தார்.

"ஏனுங்க, உங்க புள்ள கணக்குல வீக்குங்களா? மூணாவது கணக்கு தப்புங்க. காலர் சரியா இருக்குது."

சாப்பிடும்போது சொன்னேன். மூன்று பேரும் சிரித்தோம். அப்போது வீட்டில் மூன்று பேர்.

மனைவி இறந்து ஆறு வருடம் ஆகிறது. அதைப் பற்றி எழுத எனக்கு வராது.

மகள் பன்னிரண்டாவது முடித்து, கோயமுத்தூரில் ஒரு கல்லூரிக்குக் கவுன்சலிங் போனோம். நாள் முழுவதும் மரத்தடியில் நின்றோம். காமர்ஸ் நிறைந்துவிட்டது. கம்ப்யூட்டர் நிறைந்துவிட்டது. எங்கள் முறை வந்தபோது தத்துவத்தில் இடம் இருந்தது. அதில் மட்டும் நிறைய இருந்தது.

"தத்துவம்னா சாமி சமாச்சாரமா, கண்ணு?"

"தெரியலீங்கப்பா. படிச்சாத்தான் தெரியும்."

"அதைப் படிச்சு?"

அவள் படிவத்தில் கையெழுத்துப் போட்டாள்.

அந்த 'அதைப் படிச்சு?'வை நான் ஐந்து வருடம் கேட்டேன். பி.ஏ. மூன்று வருடம், எம்.ஏ. இரண்டு வருடம். ஹாஸ்டலில் இருந்து வரும்போதெல்லாம் கேட்டேன். கெட்ட எண்ணம் இல்லை. நான் எட்டாவதோடு நின்றவன். சோமனூரில் தறி ஓட்டிவிட்டு இங்கே வந்தவன். வேறு எப்படிக் கேட்பது என்று தெரியவில்லை. முதலில் ஏதோ சொல்லிப் பார்த்தாள். பிறகு பாடத்தைப் பற்றிச் சொல்வதை விட்டாள். அப்புறம் பேச்சே குறைந்தது. சாப்பிட்டீங்களா, சாப்பிட்டேன். நூல் வந்துச்சுங்களா, வந்துச்சு. அவ்வளவுதான்.

எம்.ஏ. கடைசியில் ஒரு ஆய்வுக் கட்டுரை எழுதிக் கொடுக்க வேண்டுமாம். அதை எழுதத்தான் அந்தத் தடவை வீட்டுக்கு வந்தாள். மெஷின் ரூமில் வெளிச்சம் நன்றாக இருக்கும். செக்கிங் டேபிளின் ஓரத்தில் உட்கார்ந்து எழுதினாள். நான் என் வேலையைப் பார்த்தேன். பத்து நாள் ஒரே ரூமில் இருந்தோம். என்ன எழுதுகிறாய் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் அடுத்த கேள்வியும் வந்துவிடும் என்று இருவருக்கும் தெரியும்.

எழுதி முடித்துவிட்டு ஒரு வாரம் கோயமுத்தூர் போனாள். நோட்டை அலமாரியில் வைத்துவிட்டுப் போனாள்.

அந்த நேரம் பெரிய ஆர்டர். நேவி, மெரூன், பாட்டில் கிரீன் என்று மூன்று நிறம். அறுபது கட்டு. கான்ட்ராக்டர் காலையிலும் மாலையிலும் போன் செய்தார். சீட்டுக்குத் தாள் தீர்ந்திருந்தது. அலமாரியில் கை விட்டேன். லாங் நோட்டு ஒன்று வந்தது. ஒரு பக்கம் மட்டும் எழுதி, பின்பக்கம் வெறுமையாக விட்டிருந்தது. இவ்வளவு வசதியான நோட்டு எனக்கு இதுவரை கிடைத்ததில்லை. முதல் தாளில் கொட்டை எழுத்தில் 'புதுப்பிளாட்டோனியத்தில் ஒன்று என்னும் கருத்து' என்று இருந்தது. போன வருடப் பாடம் என்று நினைத்தேன். தாளைக் குறுக்கே இரண்டாகக் கிழித்தேன். முப்பது தாள், அறுபது சீட்டு. கணக்காகச் சரியாக இருந்தது. அதில் எனக்கு ஒரு திருப்திகூட.

அவள் திரும்பி வந்த காலையில் ஐம்பத்தெட்டுக் கட்டு போய்விட்டது. கடைசி இரண்டு கட்டுதான் டேபிளில் இருந்தன.

"அப்பா, இங்க ஒரு லாங் நோட்டு வெச்சிருந்தனுங்க."

"பழசா?"

"புதுசுங்க."

நான் மெஷினை நிறுத்தினேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிறகு டேபிளைப் பார்த்தாள். ஒரு கட்டின் சீட்டை உருவித் திருப்பினாள்.

"எத்தனை தாளுங்க கிழிச்சீங்க?"

"முப்பது."

"முப்பதுதான் எழுதியிருந்தேன்."

முதல் பத்துத் தாளைப் போனில் படம் எடுத்து வைத்திருந்தாளாம். மீதி இல்லை. ஒன்பது நாளில் டைப் அடித்து, பைண்டிங் போட்டு, கல்லூரியில் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் ஒரு வருடம் போய்விடும். இதையெல்லாம் நான் கேட்டுக் கேட்டுத்தான் சொன்னாள். திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். அவள் ஸ்டூலில் உட்கார்ந்து, சீட்டின் கிழிந்த ஓரத்தை விரலால் தடவிக்கொண்டிருந்தாள்.

"நான் கொண்டாறேன்" என்றேன்.

"எப்படிங்கப்பா? துணியோட தைக்கப் போயிருச்சு."

"காலரத்தான் தைப்பாங்க. சீட்டத் தைக்க மாட்டாங்க."

கான்ட்ராக்டருக்குப் போன் செய்தேன்.

"காலர்ல ஏதாச்சும் கம்ப்ளெயிண்ட்டுங்களா?"

"இல்லீங்க. சீட்டு வேணும்."

"என்ன சீட்டு?"

"கட்டுல வெச்ச சீட்டு."

"ஏனுங்க, உடம்பு கிடம்பு நல்லா இருக்குதுங்களா? மச்சான், பங்காளின்னு ஆளு யாராச்சும் கூட இருக்கறாங்களா?"

கட்டுகள் இரண்டு இடத்துக்குப் போயிருந்தன. முப்பத்தாறாம் கட்டு வரை வேலம்பாளையத்தில் ஒரு கம்பெனிக்கு. மீதி குண்டடம் பக்கம் ஒரு தையல் யூனிட்டுக்கு. மொபெட்டை எடுத்தேன்.

வேலம்பாளையத்தில் லைன் சூப்பர்வைசர் ஒரு அம்மா. தெற்கத்திக்காரர். இருபது வருடமாக இங்கே இருந்தும் பேச்சு மாறவில்லை.

"என்ன அண்ணாச்சி, காலரக் குடுத்துட்டு சீட்டத் திருப்பிக் கேக்கீய? ஊர்ல இல்லாத வழக்கமால்லா இருக்கு."

"எம் புள்ளைது. படிப்புச் சமாச்சாரம்."

அவர் சிரிப்பதை நிறுத்தினார். "எங்க கிடக்கோ. வேஸ்ட்டு மூட்டையில பாருங்க. சாயங்காலம் வண்டி வந்து ஏத்திருவான். அதுக்கு முன்ன பாத்துக்கிடுங்க."

ஆறு மூட்டை. துணி வெட்டிய துண்டு, நூல் பிசிறு, டீ கப், வெற்றிலை பாக்குப் பாக்கெட். ஒவ்வொன்றாகக் கொட்டிப் பார்த்தேன். தையல்காரர்கள் மெஷினில் இருந்தபடி பார்த்தார்கள். மதியத்துக்குள் முப்பது சீட்டுக்கு மேல் எடுத்தேன். அதில் ஒன்று முதல் இருபது வரையுள்ளவை தேவையில்லை. அதையும் பையில் போட்டேன். ஒரு சீட்டு மட்டும் எங்கும் கிடைக்கவில்லை. எண் முப்பத்தாறு. கடைசியில் அந்த அம்மாதான் கவனித்தார். வடக்கத்திப் பையன் என்று அவர் சொன்ன தையல்காரருக்கு நாற்பது வயது இருக்கும். அவருடைய மெஷின் காலடியில் தாள் ஒன்று மடித்துச் செருகியிருந்தது.

"அண்ணா, இது டக் டக் டக் சத்தம். பேப்பர் வெச்சா சத்தம் நஹி" என்றார் அவர்.

காலண்டர் அட்டை ஒன்றைக் கிழித்து மடித்துக் கொடுத்தேன். அவர் செருகி, மிதித்துப் பார்த்து, தலையாட்டிவிட்டுச் சீட்டைக் கொடுத்தார். எண்ணெய்க் கறை. எழுத்து தெரிந்தது.

திரும்பும் வழியில் ஒரு பேக்கரியில் டீ சொல்லிவிட்டு உட்கார்ந்தேன். அதுவரை நான் எந்தச் சீட்டின் முன்பக்கத்தையும் படிக்கவில்லை. என் எண்ணை மட்டுமே பார்த்து அடுக்கினேன். எண்ணெய்க் கறைச் சீட்டைத் திருப்பிப் படித்தேன். எழுத்துக்கூட்டித்தான் படிப்பேன். டீ ஆறிவிட்டது.

எல்லாவற்றுக்கும் மேலே ஒன்று இருக்கிறதாம். அதற்குப் பெயர் இல்லை. பெயர் வைத்தால் அது இன்னொன்றாகிவிடும் என்பதால் 'ஒன்று' என்று மட்டும் சொல்கிறார்களாம். அதிலிருந்து எல்லாம் வழிந்து வந்ததாம். முதலில் அறிவு, அப்புறம் ஆன்மா, கடைசியில் நாம் தொடுகிற பொருள். வழிந்ததால் அது குறையவில்லை. அதற்கு எதுவும் தேவையில்லை. அது எதையும் நினைப்பதுகூட இல்லை. நினைப்பதற்கு இரண்டு வேண்டும், நினைக்கிறவர் ஒன்று, நினைக்கப்படுவது ஒன்று. அதனிடம் இரண்டு இல்லை.

அதோடு பாதித் தாள் முடிந்துவிட்டது.

நான் அந்த இடத்தில் கொஞ்ச நேரம் இருந்தேன். ஆறு வருடமாக நான் தனியாக இருக்கிறேன் என்றுதான் நினைத்திருந்தேன். ஆனால் காலையில் எழுந்தால் ஒருத்தியை நினைக்கிறேன். மாலையில் மெஷினை நிறுத்தும்போது இன்னொருத்தியை நினைக்கிறேன். அப்படியென்றால் நான் ஒன்று இல்லை. தனியாக இருப்பது வேறு, ஒன்றாக இருப்பது வேறு போல. ஒன்றாக இருந்தால் வலிக்காது என்று தோன்றியது.

மறுநாள் குண்டடம். வெயில் ஏறுவதற்கு முன் கிளம்பினேன். யூனிட் முன்பு கோழிப்பண்ணையாக இருந்த ஷெட். ஆஸ்பெஸ்டாஸ் கூரை, இரண்டு பக்கமும் கம்பி வலை. உள்ளே நாற்பது பெண்கள். அக்கம்பக்கத்துத் தோட்டங்களில் இருந்து வருகிறவர்கள்.

செக்கிங்கில் இருந்த ஒரு பெண்தான் சீட்டுகளைப் பற்றித் தெரிந்தவர். வேஸ்ட்டில் போடாமல், கம்பி வலையில் ஒரு கொக்கி போட்டு, எல்லாவற்றையும் குத்தி வைத்திருந்தார்.

"இது உங்க புள்ள எழுத்துங்களாண்ணா? முத்து முத்தா இருக்குதுன்னு தூக்கிப் போட மனசு வரலீங்க. சோறு திங்கறப்ப நாந்தான் எல்லாத்துக்கும் படிச்சுக் காட்டுவேன்."

"புரிஞ்சுதா?"

"எங்கீங்க? பாதி பாதியா வந்தா என்னத்தப் புரியும்? ஒண்ணே ஒண்ணு புரிஞ்சுது." கொக்கியில் தேடி ஒரு சீட்டை எடுத்தார். "கெட்டதுன்னு தனியா ஒண்ணு இல்லையாமா. நல்லது கொறஞ்சு கொறஞ்சு, இல்லாமப் போற எடத்துக்குத்தான் கெட்டதுன்னு பேராமா. இருட்டாட்ட. இருட்டுன்னு ஒரு சாமானம் கெடையாதாம், வெளிச்சம் வராத எடந்தானாம்."

அடுத்த மெஷினில் இருந்து இன்னொருத்தி திரும்பாமலே சொன்னாள். "கெட்டதுன்னு ஒண்ணு இல்லீன்னு எழுதின புள்ளைய எங்க ஊட்டுக்கு வரச் சொல்லுங்க. எம் மாமியாள ஒரு நாளைக்குப் பாக்கட்டும். மறுக்கா எழுதிக் குடுக்கும்."

லைன் முழுவதும் சிரித்தது. நானும் சிரித்தேன். சிரித்து நாளாகியிருந்தது. வாய் ஓரம் இழுத்தது.

எண்களைச் சரிபார்த்தேன். எல்லாம் இருந்தது, நாற்பத்து மூன்று தவிர.

"அந்தக் கட்டு எங்களுக்கு வரவே இல்லீங்க" என்றார் செக்கிங் பெண். வருகை நோட்டைக் காட்டினார். நாற்பத்திரண்டுக்கு அடுத்து நாற்பத்து நான்கு. கான்ட்ராக்டரைக் கேட்டேன். வேலம்பாளையத்துக்கு மறுபடியும் போய்க் கேட்டேன். இல்லை என்றார்கள். மெரூன், எல் சைஸ். எங்கே போனது என்று யாருக்கும் தெரியவில்லை.

மூன்றாம் நாள் காலை செக்கிங் டேபிளில் சீட்டுகளைப் பரப்பினோம். அவள் தாளில் பக்க எண் போட்டிருக்கவில்லை. எந்தப் பாதிக்கு எது பாதி என்று முதலில் திகைத்தாள்.

"திருப்பு" என்றேன்.

பின்பக்கம் என் எண் இருந்தது. நான் கிழித்த வரிசையில்தான் எண் போட்டேன். ஒற்றை எண் மேல்பாதி, இரட்டை எண் கீழ்பாதி. இருபத்தொன்றுக்குக் கீழே இருபத்திரண்டு. அவள் கொஞ்ச நேரம் பின்பக்கத்தையே பார்த்தாள். பிறகு நான் எண்ணைச் சொல்ல, அவள் ஒட்டினாள். ஒட்டியதும் மெல்ல வாய்விட்டுப் படித்துச் சரிபார்த்தாள். நான் மெஷினை ஓட்டவில்லை. கான்ட்ராக்டர் போன் அடித்தது. எடுக்கவில்லை.

வழிந்து வந்தாலும் குறையாதது என்ற பக்கம் வந்தது.

"கோனிலிருந்து நூல் வந்தா கோன் கொறையுமே, கண்ணு" என்றேன்.

"இது கொறையாதுங்கப்பா. அதாங்க வித்தியாசம்."

"அப்படி ஒரு கோன் எந்த மில்லுல கெடைக்குதுன்னு கேட்டுச் சொல்லு."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். நான் கிண்டல் செய்கிறேனா என்று பார்த்தாள். பிறகு சிரித்தாள். அவள் அம்மா மாதிரி மூக்கால் சிரிப்பாள். அதை நான் மறந்திருந்தேன்.

கெட்டது என்று தனியாக ஒன்று இல்லை என்ற பக்கம் வந்தது. குண்டடத்து மாமியார் கதையைச் சொன்னேன். அப்புறம் எனக்கே ஒன்று தோன்றியது. சொல்லலாமா என்று யோசித்தேன். சொன்னேன்.

"ஒரு ஊசி நூல விட்டுட்டா காலர்ல ஓட்டை விழும். ஓட்டைங்கறது ஒரு சாமானம் இல்ல. நூல் இல்லாத எடம். நீ எழுதினது சரிதான்."

"ஆமாங்கப்பா."

"ஆனா ரிட்டர்ன் வர்றது அந்த ஓட்டைக்காகத்தான். நல்லா இருக்கற நூலுக்காக யாரும் திருப்பி அனுப்பறதில்ல."

அவள் சமையல் ரூம் பக்கம் ஒரு தடவை பார்த்தாள். நானும் பார்க்காமல் இருக்க முடியவில்லை. அங்கே யாரும் இல்லை. ஆறு வருடமாக யாரும் இல்லாததுதான் அந்த ரூமில் எல்லாவற்றையும் விடப் பெரிதாக இருக்கிறது. அதைப் பொருள் இல்லை என்று எழுதினால் எழுதிக்கொள்ளட்டும்.

கடைசிப் பக்கங்கள் திரும்பிப் போவதைப் பற்றி. வழிந்து வந்ததெல்லாம் வந்த இடத்துக்குத் திரும்பப் பார்க்கிறதாம். மேலே இருக்கிறது கீழே வந்து கூட்டிப் போகாது. கீழே இருக்கிறதுதான் திரும்ப வேண்டும். ஏன் அப்படி என்று அவளுடைய ஆசிரியர் கேட்பார், சரியாக எழுதவில்லை என்றாள்.

டேபிளுக்கு அடியில் கழித்த காலர் ஒன்று கிடந்தது. எடுத்து அவளிடம் கொடுத்தேன்.

"பிரி."

சின்ன வயதில் நூறு தடவை பிரித்திருக்கிறாள். ஆனாலும் அவள் ஆரம்ப ஓரத்தில் இழுத்தாள். வரவில்லை. முடிச்சு மாதிரி இறுகியது.

"காலர் ரெண்டு பக்க ஊசியில பின்னறது. பின்ன ஆரம்பிச்ச பக்கத்துல இழுத்தா ஒரு வரியும் வராது. கடைசியா முடிச்ச வரியிலதான் பிரியும். அங்க புடிச்சா முதல் வரி வரைக்கும் ஒரே நூலா வந்துரும்."

கடைசி வரியைக் கண்டுபிடித்து இழுத்தாள். நூல் சுருள் சுருளாக வந்தது. பாதிக் காலர் போகும் வரை இழுத்தாள்.

"இதை எழுதிக்கட்டுங்களாப்பா?"

"எதை?"

"காலர."

'அதை எழுதி?' என்பது நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. விழுங்கினேன். "எழுதிக்க" என்றேன்.

நாற்பத்து மூன்றின் இடம் காலியாக இருந்தது. கீழ்பாதி, நாற்பத்து நான்கு, பாதி வாக்கியத்தில் ஆரம்பித்தது. மேல்பாதியை நினைவில் இருந்து எழுதப் பார்த்தாள். மூன்று தடவை எழுதி மூன்று தடவை அடித்தாள். "சரியா வரலீங்கப்பா. அன்னிக்கு எழுதினப்ப தானா வந்துச்சு" என்றாள். ஏதோ ஒன்றை எழுதி இட்டு நிரப்பினாள். ஏழாம் நாள் டைப் அடிக்கக் கொடுத்தாள். ஒன்பதாம் நாள் கல்லூரியில் கொடுத்தாள். வருடம் தப்பியது.

நல்ல மார்க். அப்புறம் ஐதராபாத்தில் மேலே ஆராய்ச்சி செய்ய இடம் கிடைத்தது. அதே விஷயம்தான். ஆடி முடிந்து போனாள். ஸ்டேஷனில் பெட்டியை ஏற்றிவிட்டு ஜன்னல் பக்கம் நின்றேன்.

"வேளைக்குச் சாப்பிடுங்கப்பா."

"ம்."

"வேற ஏதாச்சும் கேக்கோணுங்களா?"

கேட்க இருந்தது. வண்டி நகர்ந்துவிட்டது.

அதன் பிறகு வீட்டில் மெஷின் சத்தம் மட்டும். ஞாயிற்றுக்கிழமை போன் வரும். ஒரு வாரம் பேசுவாள், ஒரு வாரம் அவளுக்கு வேலை இருக்கும். கிழிக்க நோட்டு இல்லை. காலண்டர் தாளில் எழுத ஆரம்பித்தேன். சில நாள் டேபிளில் அவள் உட்கார்ந்த பக்கத்தில் சாமான் வைக்காமல் வேலை செய்வேன். ஏன் என்று எனக்கே தெரியாது. அந்த ஒன்றுக்கு எதுவும் தேவையில்லை என்று படித்தேனே, அப்படி இருக்கப் பழகலாமா என்று பார்த்தேன். காலையில் எழுந்து, யாரையும் நினைக்காமல், டீ வைத்துக் குடித்து, மெஷினை ஓட்டினால் போதும். ஒரு நாள் பத்து மணி வரைக்கும் தாக்குப்பிடித்தேன். அதற்கு மேல் எனக்கு வரவில்லை.

ஐப்பசியில் மழை பிடித்த ஒரு நாள், மதியம், கான்ட்ராக்டரின் வண்டி வந்து நின்றது. டிரைவர் ஒரு பாலித்தீன் பையை இறக்கினார்.

"ரிட்டர்னுங்க. குடோன் ஒதுங்க வெக்கறப்ப மூலையில கெடந்துச்சாம். ஷேடு வித்தியாசம்னு அப்பவே எடுத்து வெச்சுட்டு மறந்துட்டாங்களாட்டருக்குது."

பையைப் பிரித்தேன். மெரூன். எல். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். அவர்கள் சொன்னது சரி. உடம்புத் துணியின் மெரூன் இல்லை இது. வேறு தடவை சாயம் போட்ட லாட்டில் இருந்து ஒரு கோன் ஏறியிருக்கிறது. நான்தான் ஏற்றினேன், கவனிக்கவில்லை. கவனித்திருந்தால் இந்தக் கட்டும் மற்றதோடு போய், சீட்டு அன்றைக்கே கிடைத்திருக்கும்.

சீட்டு கட்டுக்குள் அப்படியே இருந்தது. கசங்கவில்லை. நாற்பத்து மூன்று. திருப்பினேன்.

எழுத்துக்கூட்டிப் படித்தேன். இரண்டு தடவை. பிறகு போனை எடுத்தேன். ஞாயிறு இல்லை. செவ்வாய்.

"என்னுங்கப்பா? உடம்பு சரியில்லீங்களா?"

"நல்லாத்தான் இருக்கறேன். ரிட்டர்ன் ஒண்ணு வந்திருக்குது."

"எத்தனை கட்டுங்க?"

"ஒண்ணு. நாப்பத்தி மூணு."

பின்னால் யாரோ தெலுங்கில் பேசுவது கேட்டது. கதவு சாத்தும் சத்தம் கேட்டது.

"படிங்கப்பா."

"நீ எழுதிக் குடுத்து முடிச்சாச்சு. இனி இது எதுக்கு?"

"படிங்க."

படித்தேன். நான் படிப்பது வண்டி மேட்டில் ஏறுகிற மாதிரி இருக்கும். ஆன்மா மேலேயிருந்து இறங்கி வருகிறது. வந்த இடத்தில் கைக்கு வேலை கிடைக்கிறது. வேலையில் மூழ்கி, எங்கிருந்து வந்தோம் என்பதை விட்டுவிடுகிறது. தன் தகப்பன் வீடு எது என்று கேட்டால் தெரியாது என்கிறது. அந்த வீடு அதைத் தேடி வருவதில்லை. கோபமும் இல்லை. கதவைச் சாத்துவதும் இல்லை. ஒரு சொல்லில் நான் தடுமாறினேன். அவள் அந்தப் பக்கம் இருந்து எடுத்துக் கொடுத்தாள். கடைசி வரி, 'இந்தத் தூரம் எப்படி வந்தது என்றால்' என்று கிழிந்திருந்தது.

"அதோட கிழிஞ்சு போச்சு" என்றேன்.

"விட்டு வந்ததால் அல்ல, திரும்பிப் பார்க்காததால்" என்றாள். நாற்பத்து நான்கு அவளுக்கு மனப்பாடம்.

மழை தகரத்தில் விழுந்தது.

"இது நான் ரெண்டாவது எழுதினத விட நல்லா இருக்குதுங்கப்பா."

"ஒண்ணு கேக்கட்டுமா?"

"கேளுங்க."

"வீடு தேடி வராதுன்னு எழுதியிருக்கறியே. ஏன் வராது?"

ஐந்து வருடத்தில் அவள் பாடத்தில் நான் கேட்ட முதல் கேள்வி. அவளுக்கும் அது தெரிந்திருக்கும்.

"அது எங்கயும் போகாததாலங்கப்பா. அது எங்கயும் போகாம அங்கயே இருக்கறதாலதான் திரும்பி வர முடியுது."

"சரி" என்றேன்.

"அந்தக் கட்ட என்ன பண்ணப் போறீங்க?"

"பிரிக்கோணும். லாட் தப்பு."

"கடைசி வரியிலிருந்துங்களா?"

"வேற வழியில பிரியாது."

மூக்கால் சிரித்தாள். கிளாஸுக்கு நேரமாகிறது என்றாள். பொங்கலுக்கு டிக்கெட் போடுகிறேன் என்றாள். சீட்டைக் கிழிக்காமல் வைக்கச் சொன்னாள். போன் நின்றது.

ரூம் மறுபடியும் பழையபடி ஆனது. ஸ்டூலை இழுத்துப்போட்டு உட்கார்ந்தேன். ஐம்பது காலர். முதல் காலரில் கடைசி வரியைத் தேடிப் பிடித்து இழுத்தேன். நூல் சுருண்டு சுருண்டு மடியில் விழுந்தது. மழை விடும் வரைக்கும் பிரித்தேன். பிறகு சரியான லாட் கோனை ஏற்றி மெஷினை ஓட்டினேன்.

ஐம்பது காலர் சேர்ந்ததும் காலண்டர் தாள் ஒன்றைக் கிழித்தேன். மெரூன், எல் என்று எழுதினேன். கான்ட்ராக்டர் கணக்கில் அந்த ஆர்டர் எப்போதோ முடிந்துவிட்டது, எந்த எண் போட்டாலும் யாரும் கேட்கப் போவதில்லை. நாற்பத்து மூன்று என்றே போட்டேன்.